செங்கோட்டை வட்டம் நீங்கலாக

தென்காசிக்கும் செங்கோட்டைக்கும் இடையே பத்துக் கிலோமீட்டர்கூட இல்லை. இரண்டு ஊருக்கும் குற்றாலச் சாரல் ஒன்று, சந்தை ஒன்று, பேச்சு வழக்கும் ஏறக்குறைய ஒன்று. இந்த இரண்டு ஊர்களிலும் தலைமுறை தலைமுறையாகத் துணி வெளுத்துவந்த வண்ணார் குடும்பங்களிலிருந்து இரண்டு பிள்ளைகள் ஒரே அரசு வங்கித் தேர்வுக்கு விண்ணப்பிக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். செங்கோட்டைப் பிள்ளை பட்டியல் சாதி. வயது வரம்பில் ஐந்தாண்டுச் சலுகை உண்டு. பெற்றோரின் வருமானத்தை யாரும் கேட்கமாட்டார்கள். தென்காசிப் பிள்ளை மத்திய அரசின் கணக்கில் இதர பிற்படுத்தப்பட்ட வகுப்பு. அவருக்குச் சலுகை மூன்றாண்டு. கிரீமி லேயருக்குள் வரவில்லை என்று தனியாக ஒரு சான்றும் வாங்க வேண்டும். தமிழ்நாடு அரசு வேலை என்றால் முதலாமவர் பட்டியல் சாதியினருக்கான 18 சதவீதத்தில் போட்டியிடுவார், இரண்டாமவர் மிகவும் பிற்படுத்தப்பட்டோருக்கான 20 சதவீதத்தில். பட்டியல் சாதிகளுக்கான ஆணையில் ‘வண்ணான்’ என்ற பெயருக்குப் பக்கத்தில் கன்னியாகுமரி மாவட்டமும் திருநெல்வேலி மாவட்டத்துச் செங்கோட்டை வட்டமும் மட்டும் குறிக்கப்பட்டிருக்கின்றன. மிகவும் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் அதே சாதிக்குப் பக்கத்தில் அதே இரண்டு இடங்களும் ‘நீங்கலாக’ என்று இருக்கிறது.

இந்த வேறுபாட்டை விளைவித்தது 1956 நவம்பர் 1. அன்றுவரை திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்த செங்கோட்டை வட்டத்தின் ஒரு பகுதி, மாநிலச் சீரமைப்பில் கன்னியாகுமரி மாவட்டத்தோடு சேர்ந்து சென்னை மாநிலத்துக்கு வந்தது. மலைக்கு அந்தப் பக்கம் இருந்த பகுதி கேரளத்தில் நின்றுவிட்டது. வந்த பகுதிகளோடு அவற்றின் பழைய பட்டியலும் வந்தது. அதே ஆண்டில் வெளியான திருத்த ஆணை, சென்னை மாநிலத்துக்குரிய பட்டியலையும் திருவிதாங்கூரிலிருந்து வந்த பெயர்களையும் கலக்காமல், ஒவ்வொரு பெயருக்கும் இடத்தைக் குறித்து அடுக்கிவைத்தது. தீட்டை அளப்பதில் திருவிதாங்கூர் சமஸ்தானத்தின் முறை ஒன்று, சென்னை மாகாணத்தின் முறை வேறொன்று. 1936-இல் ஆலய நுழைவுப் பிரகடனம் வரும்வரை அங்கே யார் எவ்வளவு தூரத்தில் நிற்க வேண்டும் என்பதற்கே கணக்கு இருந்தது. ஆகவே 1950-களில் இப்படிப் பிரித்துவைத்ததில் ஓரளவு நியாயம் இருந்திருக்கலாம். சமஸ்தானம் மறைந்து எழுபது ஆண்டுகளாகியும் அதன் எல்லைக்கோடு மட்டும் ஏன் நீடிக்கிறது என்பதுதான் இன்று எழும் கேள்வி.

நாடாளுமன்றம் இதை ஒருமுறை கையில் எடுத்தது. 1976-இல் வந்த திருத்தச் சட்டம் நாடு முழுவதும் ஏராளமான பெயர்களுக்கு இருந்த இடக் கட்டுப்பாட்டை நீக்கியது. தமிழ்நாட்டிலும் பல பெயர்கள் மாநிலம் முழுமைக்கும் உரியவை ஆயின. செங்கோட்டை, கன்னியாகுமரி பற்றிய பெயர்களில் சில மட்டும் பழைய வேலிக்குள்ளேயே விடப்பட்டன. கூடவே அந்தச் சட்டம் இன்னொன்றையும் செய்தது: ஆணையில் சொல்லப்படும் மாநிலம், மாவட்டம், வட்டம் எல்லாமே 1976 மே 1-ஆம் தேதி எப்படி இருந்தனவோ அப்படியே பொருள்கொள்ளப்பட வேண்டும் என்றது. அதற்குப் பிறகு 1986-இல் தூத்துக்குடி தனி மாவட்டமானது. 2019 நவம்பரில் தென்காசி மாவட்டம் பிறந்தது. செங்கோட்டை அதற்குள் போனது. பட்டியலைப் பொறுத்தவரை அது இன்னும் திருநெல்வேலி மாவட்டத்தில்தான் இருக்கிறது. இன்று தென்காசி மாவட்டத்தில் சான்றிதழ் எழுதும் அதிகாரி, தான் பதவியேற்பதற்கு நாற்பது ஐம்பது ஆண்டுகளுக்கு முந்தைய வட்ட வரைபடத்தை மனத்தில் வைத்துத்தான் கையெழுத்திட வேண்டும்.

இதில் விண்ணப்பதாரர் இப்போது எங்கே குடியிருக்கிறார் என்பதற்குக் கூட முக்கியத்துவமில்லை. குடியரசுத் தலைவரின் ஆணை வெளியானபோது அவரோ அவருடைய பெற்றோரோ நிரந்தரமாக எங்கே வாழ்ந்தார்கள் என்பதைத்தான் பார்க்க வேண்டும் என்பது மத்திய அரசின் நெறிமுறை. பட்டியலில் உள்ள பகுதியிலிருந்து அதே மாநிலத்தின் வேறு பகுதிக்குக் குடிபெயர்ந்தவர் தகுதியை இழப்பதில்லை என்றும் அது சொல்கிறது. நியாயமான விதிதான். ஆனால் அதன் விளைவைப் பாருங்கள். செங்கோட்டையிலிருந்து பாட்டன் காலத்தில் தென்காசிக்கு வந்த வண்ணார் குடும்பம் பட்டியல் சாதி. அதன் பக்கத்து வீட்டில், பூர்வீகமாகத் தென்காசியிலேயே இருக்கும் வண்ணார் குடும்பம் மிகவும் பிற்படுத்தப்பட்ட வகுப்பு. தெருவும் ஒன்று, தொழிலும் ஒன்று. மேல்தெருக்காரர் இரண்டு வீட்டாரையும் நடத்தும் விதத்திலும் வேறுபாடு கிடையாது. சான்றிதழ் மட்டும் இரண்டு வகை.

இடஒதுக்கீட்டு வேலைகளைப் பற்றிய நம் பேச்சு பெரும்பாலும் ‘போலிச் சான்றிதழ்’ என்ற ஒரே புள்ளியைச் சுற்றிச் சுழல்கிறது. யார் பொய் சொல்லி வேலை வாங்கினார், அவரை எப்படிப் பிடிப்பது என்பதே கேள்வியாக இருக்கிறது. தாமிரபரணிப் பள்ளத்தாக்கின் பட்டியல்களைப் பெயர் பெயராகப் படித்துவந்தால் அதற்கு முந்தைய ஒரு சிக்கல் தெரிகிறது. சான்றிதழ் ஒருவரின் சமூக நிலையை எடுத்துச் சொல்கிறது என்று நாம் நம்புகிறோம். உண்மையில் அது சான்றளிப்பது ஒரு பெயரையும் ஓர் எல்லையையும்தான். பெயரும் எல்லையும் வாழ்க்கையோடு ஒத்துப்போகாத இடத்தில் உண்மையானவர் வெளியே நிற்பார். ஒத்துப்போவதுபோலத் தோற்றம் காட்டத் தெரிந்தவர் உள்ளே வருவார். போலியும் விடுபடலும் ஒரே பட்டியலின் இரண்டு விளைவுகள். ஒன்றை ஒழிக்கக் கடுமை கூட்டி, மற்றதை அப்படியே விட்டுவைத்தால் கடுமையின் சுமை விடுபட்டவர்கள் தலையில்தான் விழும்.

இதற்கு மிகத் தெளிவான சான்று ஆற்றின் தலைப்பகுதியிலேயே இருக்கிறது. பொதிகை மலையில் பாபநாசத்துக்கு மேலே காரையாறு, சேர்வலாறு அணைகளை ஒட்டிச் சின்ன மயிலார், பெரிய மயிலார், அகஸ்தியர் காணிக்குடியிருப்பு, சேர்வலாறு, இஞ்சிக்குழி என்று காணிக்காரர் குடியிருப்புகள் உள்ளன. அகத்தியர் மலையின் மேற்குச் சரிவிலும் தெற்கிலும் வாழும் காணிக்காரரும் இவர்களும் ஒரே மக்கள். தெய்வமும் உறவுமுறையும் காட்டுத் தொழிலும் ஒன்றே. கேரளத்தில் அவர்கள் பழங்குடியினர். தமிழ்நாட்டுப் பட்டியலிலும் ‘காணிக்காரன், காணிக்கர்’ என்ற பெயர் உண்டு. ஆனால் அதற்குப் பக்கத்தில் குறித்திருந்த இடங்கள் கன்னியாகுமரி மாவட்டமும் செங்கோட்டை வட்டமும் மட்டுமே. பாபநாசம் மலையோ அம்பாசமுத்திரம் வட்டத்தில் இருந்தது. அது பழைய வெள்ளைக்காரர் ஆட்சியின் திருநெல்வேலி ஜில்லா. திருவிதாங்கூர் மன்னரின் பூமி இல்லை. ஆகவே தாமிரபரணி பிறக்கும் காட்டிலேயே பிறந்து வளர்ந்த காணிக்காரர், பட்டியலின் எழுத்தின்படி, பழங்குடியினர் இல்லை. 2003-இல் நடைமுறைக்கு வந்த திருத்தச் சட்டம் செங்கோட்டைக்குப் பக்கத்தில் ‘அம்பாசமுத்திரம்’ என்ற ஒரே ஒரு சொல்லைச் சேர்த்தது. அந்தச் சொல்லுக்காக அவர்கள் 1950-லிருந்து அரைநூற்றாண்டுக்கு மேல் காத்திருந்தார்கள். அந்த இடைவெளியில் பள்ளிப் படிப்பை முடித்து வேலை வயதைத் தாண்டிப்போன ஒரு தலைமுறையைப் பற்றி எந்தக் கோப்பிலும் எதுவும் இருக்காது, ஏனென்றால் அவர்கள் விண்ணப்பிக்கவே முடியாதவர்கள். திருத்தமும் முழுமையானதில்லை. களக்காடும் முண்டந்துறையும் 1988 முதல் ஒரே புலிகள் காப்பகம். ஆனால் களக்காட்டு மலைச்சரிவு நாங்குநேரி வட்டத்தைச் சேர்ந்தது, அந்த வட்டத்தின் பெயர் பட்டியலில் கிடையாது. புலிக்குக் காடு ஒன்று, காணிக்காரருக்கு இரண்டு.

எல்லையால் வரும் இடர் இப்படி என்றால், பெயரால் வரும் இடர் புதிரை வண்ணாருடையது. பட்டியல் சாதியினருக்கே துணி வெளுத்து, அவர்களுக்கும் கீழாக வைக்கப்பட்ட மக்கள் இவர்கள். திருநெல்வேலி ஜில்லாவில் இவர்கள் பகலில் கண்ணில் படுவதே தீட்டு என்று கருதப்பட்டதை 1930-களின் பதிவுகள் சொல்கின்றன. அந்தக் கொடுமையை அம்பேத்கரும் எடுத்துக்காட்டியிருக்கிறார். ‘புதிரை வண்ணான்’ என்ற பெயர் இட வரம்பு ஏதுமின்றிப் பட்டியலில் இருக்கிறது. அப்படியிருந்தும் சான்றிதழ் கிடைப்பதே இவர்களின் பெரும்பாடு. தொழிலைப் பார்த்தோ, பழைய பள்ளிப் பதிவேட்டில் வெறுமனே ‘வண்ணார்’ என்றிருப்பதைப் பார்த்தோ, கிராம நிர்வாக அலுவலர் அப்படியே எழுதிவிடுகிறார். அந்த ஒரு சொல் பிள்ளையை மிகவும் பிற்படுத்தப்பட்டோர் வரிசைக்குத் தள்ளிவிடுகிறது. 2009-இல் தமிழ்நாடு அரசு இவர்களுக்கென்று நலவாரியமே அமைத்தது. வாரியத்தில் உறுப்பினராகச் சேரவும் அந்தச் சான்றிதழ்தான் முதலில் வேண்டும். ஆக, துணி வெளுக்கும் மக்களுக்குள்ளேயே இந்தப் பள்ளத்தாக்கில் மூன்று தரப்புகள்: எங்கிருந்தாலும் பட்டியல் சாதியான புதிரை வண்ணார், செங்கோட்டையில் மட்டும் பட்டியல் சாதியான வண்ணார், மற்ற இடத்து வண்ணார். இம்மூன்றையும் பிரித்தறியும் பொறுப்பு வட்டாட்சியர் அலுவலகத்தில் வேலைப்பளுவுக்கு நடுவே இருக்கும் ஒரு வருவாய் ஆய்வாளருடையது.

மற்ற உதாரணங்களைச் சுருக்கமாகச் சொல்லிப் போகலாம். சீர்மரபினர் பட்டியலில் மறவர் பெயர் திருநெல்வேலி உள்ளிட்ட சில மாவட்டங்களுக்கு மட்டும் உரியது. அவர்களுக்கு 2019 முதல் மாநிலத் தேவைக்கு ஒரு பெயரிலும் மத்திய அரசின் தேவைக்கு வேறொரு பெயரிலும் இரட்டைச் சான்றிதழ் தரப்படுகிறது. 2021-இல் ஏழு பெயர்களைத் தேவேந்திரகுல வேளாளர் என்ற ஒரே பெயரின் கீழ் கொண்டுவந்த நாடாளுமன்றச் சட்டம், அவற்றுள் கடையரை மட்டும் திருநெல்வேலி, தூத்துக்குடி, ராமநாதபுரம், புதுக்கோட்டை, தஞ்சாவூர் மாவட்டங்களின் கடலோரப் பகுதிகள் நீங்கலாகச் சேர்த்தது. கடலோரப் பகுதி என்றால் கரையிலிருந்து எத்தனை கிலோமீட்டர்? வட்டத்துக்காவது எல்லைக்கல் உண்டு. இடக் கட்டுப்பாட்டைப் பழைய காலத்து எச்சம் என்று ஒதுக்கிவிட முடியாது. இந்த நூற்றாண்டிலும் புதிதாக வரைந்துகொண்டுதான் இருக்கிறோம். இனி மதம். பாளையங்கோட்டையிலும் சுற்றுக் கிராமங்களிலும் இருநூறு ஆண்டுகளாக மிஷன்கள் வேலை செய்த மண் இது. பட்டியல் சாதிகளுக்கான 1950 ஆணையின் மூன்றாம் பத்தி இந்துக்களுக்கும், 1956-இலிருந்து சீக்கியருக்கும், 1990-இலிருந்து பௌத்தருக்கும் மட்டும் பட்டியல் சாதித் தகுதி தருகிறது. சேரியில் ஒரே கிணற்றில் நீர் எடுத்த இரண்டு குடும்பங்களில் ஒன்று ஞானஸ்நானம் பெற்றால் அதன் பிள்ளைகள் தமிழ்நாட்டில் பிற்படுத்தப்பட்ட வகுப்பு. காணிக்காரர் கிறிஸ்தவரானாலும் பழங்குடியினர்தான், ஏனென்றால் பழங்குடிப் பட்டியலுக்கு மதம் கிடையாது. வேலைக்காக மட்டும் இந்து என்று சொல்லிக்கொள்வதை ஏற்க முடியாது என்று 2024 நவம்பரில் புதுச்சேரி வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தமிழகச் சட்டப்பேரவை 2023 ஏப்ரலில் கிறிஸ்தவத்துக்கு மாறிய ஆதி திராவிடரையும் பட்டியலில் சேர்க்கக் கோரித் தீர்மானம் போட்டது. அந்த விவாதம் தனிக் கட்டுரைக்குரியது. இங்கே எனக்கு வேண்டியது அது காட்டும் பாங்கு மட்டும்.

இந்த வழுக்கள் எல்லாம் வந்து குவியும் இடம் வேலை. பள்ளி, கல்லூரியில் சேரும்போது சான்றிதழைப் பார்த்து வைத்துக்கொள்வார்கள், அவ்வளவுதான். கூடங்குளம் அணுமின் நிலையத்திலோ ரயில்வேயிலோ அரசு வங்கியிலோ நியமன ஆணை வரும்போதுதான் சாதிச் சான்றின் மெய்த்தன்மை அறியும்வரை நியமனம் தற்காலிகமானது என்ற வரி வருகிறது. நிறுவனம் ஆட்சியருக்கு எழுதும். பட்டியல் சாதி என்றால் மாவட்ட அளவிலும் பழங்குடி என்றால் மாநிலக் கூர்நோக்குக் குழுவிலும் விசாரணை நடக்கும். இந்த ஏற்பாட்டுக்கு அடிப்படை 1994-இல் குமாரி மாதுரி பாட்டீல் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறிகள். விழிக்கண் குழு நேரில் விசாரிக்க வேண்டும், குலதெய்வம், சடங்கு, திருமண முறை, ஈமக் கிரியை போன்றவற்றைப் பார்க்க வேண்டும், விசாரணையை இயன்றவரை இரண்டு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்றெல்லாம் அதில் இருக்கிறது. நடப்பில் இரண்டு மாதம் என்பதை யாரும் நினைவில் வைத்துக்கொள்வதில்லை. தமிழ்நாட்டில் இன்னொரு திருகலும் உண்டு: 1989 நவம்பர் 11-க்குப் பிறகு பழங்குடிச் சான்றிதழ் வழங்கும் அதிகாரம் வட்டாட்சியரிடமிருந்து கோட்டாட்சியருக்குப் போனது. அதற்கு முன் வட்டாட்சியர் கொடுத்த சான்றிதழோடு வேலைக்குச் சேர்ந்தவர்களின் கோப்புகள் பிற்பாடு மீண்டும் திறக்கப்பட்டன. ஓய்வு பெறும் வயதில் பாட்டனின் பள்ளிப் பதிவேட்டைத் தேடி அலைந்தவர்கள் பலர். பாட்டன் பள்ளிக்கே போகாதவர் என்றால்? சுதந்திரத்துக்கு முந்தைய ஆவணங்களுக்கு அதிக மதிப்பு என்று 2011-இல் ஆனந்த் வழக்கில் நீதிமன்றம் சொன்னது. அப்படிப்பட்ட ஆவணம் யாரிடம் இருக்கும்? அன்றே எழுத்தறிந்த குடும்பத்திடம். காணிக்குடியிருப்பில் இருக்காது. மறுபக்கம், விடுதியில் தங்கிப் படித்து வளர்ந்த பிள்ளையிடம் குலச் சடங்கைக் கேட்டுச் சோதிப்பதிலும் அநியாயம் உண்டு. அந்தச் சோதனை முடிவான உரைகல் ஆகாது என்று அதே தீர்ப்பும், பின்னர் 2023 மார்ச்சில் மூன்று நீதிபதிகள் அமர்வும் சொல்லியிருக்கின்றன.

சட்டத்தின் கடுமை இவ்வளவோடு நிற்பதில்லை. 2017 ஜூலையில் ஜகதீஷ் பலராம் பஹிரா வழக்கில் உச்ச நீதிமன்றம், சான்றிதழ் செல்லாது என்று முடிவானால் எத்தனை ஆண்டு பணியாற்றியிருந்தாலும் அந்த வேலைக்குப் பாதுகாப்பு இல்லை என்றது. மகாராஷ்டிரச் சட்டத்தை ஒட்டி எழுந்த வழக்கு அது. வேலை இழப்பு போன்ற விளைவுகளுக்கு ஏமாற்றும் எண்ணம் இருந்ததா என்று பார்க்கத் தேவையில்லை என்றும் சொன்னது. தகுதியில்லாத ஒருவர் உட்கார்ந்த நாற்காலி தகுதியுள்ள ஒருவரிடமிருந்து பறித்தது என்ற வாதத்தை மறுக்க முடியாது. ஆனால் திட்டமிட்டுப் பொய்ச் சான்றிதழ் வாங்கியவரும், வட்டாட்சியர் வட்ட எல்லையைத் தவறாகப் படித்துக் கொடுத்ததை நம்பி வேலைக்குச் சேர்ந்தவரும் இருபதாண்டுக்குப் பிறகு ஒரே தட்டில் நிற்கிறார்கள். தவறு செய்த அலுவலருக்கு அதற்குள் ஓய்வூதியமே வந்திருக்கும். எந்தப் பட்டியலின் குழப்பத்தை அரசே உண்டாக்கியதோ, அதன் விலையை முழுக்க விண்ணப்பதாரர் கொடுக்கிறார்.

போலி என்பது கற்பனையா என்று கேட்பார்கள். இல்லை. தமிழ்நாட்டில் பழங்குடியினருக்கு ஒதுக்கீடு ஒரு சதவீதம்; நூறு பணியிடத்தில் ஒன்று. அந்த ஒன்றைக் ‘கொண்டா ரெட்டி’ என்றும் ‘காட்டுநாயக்கன்’ என்றும் பெயர் ஒற்றுமையைப் பயன்படுத்திச் சமவெளியின் வசதியான சாதிக்காரர்கள் எடுத்துக்கொண்டதாக எழுந்த வழக்குகளால் நீதிமன்றங்கள் நிறைந்திருக்கின்றன. மத்திய அரசில் ஏழரை சதவீதம் என்பதால் அங்கே ஆசை இன்னும் அதிகம். மலையில் இருப்பவருக்குப் போக வேண்டிய இடத்தை இப்படி எடுப்பது திருட்டுதான், அதைத் திருட்டு என்றே சொல்ல வேண்டும். ஆனால் இந்தத் திருட்டு எந்த வழியாக நடக்கிறது என்று பாருங்கள். பட்டியலில் பெயர் மட்டும் இருக்கிறது. அந்தப் பெயருக்குரிய மக்கள் யார், எந்தக் குடியிருப்புகளில் எத்தனை குடும்பம் என்ற பதிவு அலுவலகத்தில் இருப்பதில்லை. அது இருந்தால் இஞ்சிக்குழிக் காணிக்காரருக்குப் பாட்டனின் டி.சி. தேவைப்படாது, சமவெளிக்காரர் மலைக்காரராக வேடம் போடவும் முடியாது. இரண்டு நோய்க்கும் மருந்து ஒன்று என்பதால்தான் ஒன்றைப் பற்றி மட்டும் பேசுவதை ஏற்க மறுக்கிறேன்.

இதைவிடக் கனமான ஆட்சேபம் ஒன்று இருக்கிறது. வேலியை எடுத்தால் என்ன ஆகும் என்று 1976 ஏற்கெனவே காட்டிவிட்டதே என்பார்கள். மகாராஷ்டிரத்தில் 1971-இல் சுமார் முப்பது லட்சமாக இருந்த பழங்குடி மக்கள்தொகை 1981 கணக்கெடுப்பில் ஐம்பத்தேழு லட்சத்தைத் தாண்டியது. இடக் கட்டுப்பாடு நீங்கியதும் பழைய எல்லைகளுக்கு வெளியேயும் ஹல்பா என்றும் கோலி என்றும் பெயர் வைத்திருந்தவர்கள் உள்ளே வந்துவிட்டார்கள். மாதுரி பாட்டீல் வழக்கே அதன் பின்விளைவுதான். இந்த ஆட்சேபத்தில் உண்மை இருக்கிறது. ஆகவே எல்லா வேலியையும் ஒரே நாளில் பிடுங்கு என்று நான் சொல்லமாட்டேன். பெயருக்குப் பெயர் நிலைமை வேறு. காணிக்காரர் பெயரில் உரிமை கொண்டாடக்கூடிய பெரிய சமவெளிச் சாதி எதுவும் இல்லை. அந்தப் பெயரின் இட வரம்பை மாநிலம் முழுமைக்கும் நீக்கினாலும் கூட்டம் புகப்போவதில்லை. வண்ணார் அப்படியில்லை. மாநிலமெங்கும் பரவியிருக்கும் பெரிய சாதி அது. தங்கள் எல்லோரையும் பட்டியலில் சேர்க்க வேண்டும் என்று அவர்களின் அமைப்புகள் நெடுநாளாகக் கேட்கின்றன. 2011 கணக்குப்படி பட்டியல் சாதியினர் மாநில மக்கள்தொகையில் 20 சதவீதம், ஒதுக்கீடோ 18. ஏற்கெனவே குறைந்த பங்கில் இன்னும் பலர் வந்து சேர்ந்தால் இருப்பவர்கள் அஞ்சுவது இயற்கை. அந்த அச்சத்துக்கு வழி இல்லாமல் இல்லை. 2009-இல் அருந்ததியருக்குத் தமிழ்நாடு மூன்று சதவீத உள்ஒதுக்கீடு கொடுத்தது. 2024 ஆகஸ்ட் 1-இல் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு அப்படி உட்பிரிவு செய்யலாம் என்று உறுதிசெய்தது. புதிதாக வருபவர்களைத் தனி உட்பங்கில் வைக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது. தென்காசி வண்ணார் தீண்டாமையை அனுபவித்தவரா என்பது கள ஆய்வால் முடிவாக வேண்டிய கேள்வி. ஆம் என்று வந்தாலும் இல்லை என்று வந்தாலும், அந்த விடை திருவிதாங்கூர் மன்னரின் சுங்கச்சாவடி எங்கே இருந்தது என்பதைப் பொறுத்து அமையக் கூடாது. சமன்படுத்துகிறேன் என்று செங்கோட்டைக்காரரிடமிருந்து இருப்பதைப் பறிப்பதும் தீர்வாகாது.

பட்டியலைத் திருத்துவது நாடாளுமன்றத்தின் வேலை, அதில் அவசரம் கூடாது என்ற வாதமும் உண்டு. அரசியல் சாசனத்தின் 341, 342-ஆம் பிரிவுகள் அப்படித்தான் வைத்திருக்கின்றன. பட்டியலுக்கு விரிவான பொருள் கொடுக்கும் அதிகாரம் நீதிமன்றத்துக்கும் இல்லை என்று 2000-இல் மிலிந்த் வழக்கு தீர்த்துவிட்டது. உள்ளூர் அழுத்தத்துக்குப் பட்டியல் வளைந்துவிடாமல் இருக்க இந்தப் பூட்டு தேவை என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பூட்டு வேறு, துரு வேறு. நரிக்குறவரைப் பழங்குடியாக்கலாம் என்று 1965-இல் லோகூர் குழு பரிந்துரைத்தது. நாடாளுமன்றம் அதை நிறைவேற்றியது 2022 டிசம்பரில். ஐம்பத்தேழு ஆண்டுத் தாமதத்தை நிதானம் என்று யாரும் சொல்ல மாட்டார்கள்.

இ-சேவை மையம் வந்துவிட்டது, விண்ணப்பம் கணினியில் போகிறது, கையெழுத்தும் மின்கையெழுத்து. இன்னும் என்ன குறை என்றும் சிலர் கேட்கலாம். அலைச்சல் குறைந்தது உண்மை. ஆனால் கணினி வேகப்படுத்துவது கோப்பின் நடையை மட்டும்தான். அம்பாசமுத்திரம் காணிக்காரப் பெண்ணின் விண்ணப்பம் சேரன்மகாதேவி கோட்ட அலுவலகத்துக்கு நிமிடத்தில் போய்ச் சேரும். அங்கே அதை எதை வைத்து முடிவுசெய்வது என்ற கேள்வி 1989-இல் இருந்த இடத்திலேயே நிற்கும்.

ஆகவே மெய்த்தன்மை விசாரணை வேலைக்குப் பின்னால் நடப்பதை முன்னால் கொண்டுவர வேண்டும். பிள்ளை உயர்நிலைப் பள்ளிக்கு வரும்போதே, கோட்டாட்சியர் குடியிருப்புக்குப் போய், ஊர்ப் பதிவேடு எழுதி, குடும்பம் குடும்பமாக முடிவுசெய்துவிடலாம். ஒரு தகப்பனின் சான்று ஒருமுறை குழுவால் உறுதியானால் மகளுடையதைப் புதிய ஆதாரமின்றி மீண்டும் திறக்கக் கூடாது. பம்பாய் உயர் நீதிமன்றம் 2010-லேயே இந்த வழியில் சொல்லியிருக்கிறது. சான்றளித்த அலுவலரின் பிழையால் வந்த வழக்கில் நிரூபிக்கும் சுமையை அரசே ஏற்க வேண்டும். பட்டியலின் எல்லைகளுக்கோ நடைமுறை ஏற்கெனவே இருக்கிறது. 1999-இல் வகுத்து 2002-இல் திருத்திய விதிப்படி, மாநில அரசு இனவரைவியல் சான்றோடு முன்மொழிய வேண்டும். இந்தியத் தலைமைப் பதிவாளரும் தேசிய ஆணையமும் ஒத்துக்கொண்டால் மசோதா நாடாளுமன்றத்துக்குப் போகும். சாதிவாரிக் கணக்கெடுப்புடன் 2027-இல் நடக்கவிருக்கும் மக்கள்தொகைக் கணக்கு, எந்த வட்டத்தில் யார் எத்தனை பேர் என்று சொல்லக்கூடும். அதற்காகக் காத்திருக்க வேண்டிய பெயர் வண்ணார் ஒன்றுதான். காணிக்காரர் பெயருக்குப் பக்கத்தில் இருக்கும் வட்டங்களை எடுத்துவிடச் சொல்லியும், புதிரை வண்ணார் குடும்பங்களின் ஊர்ப் பதிவேட்டைத் தொடங்கியும் திருநெல்வேலி, தென்காசி ஆட்சியர்கள் அடுத்த வாரமே சென்னைக்கு எழுதலாம். அந்தக் கடிதத்துக்கு எந்தச் சட்டத்திருத்தமும் தேவையில்லை.